ஐந்தேமுக்கால் கிண்ணம் பாலேடு

பொத்தான் மொத்த வியாபாரி வீட்டுச் சமையலறையில் இருந்த குறிப்புக் காகிதம் பேரம் பேசும். காலையில் அதில் பாலேடு ஆறு கிண்ணம் என்று இருக்கும். அடுப்பைத் துடைத்துக்கொண்டே யாராவது மூன்று போதாதா என்று கேட்டுவிட்டுப் போனால், மத்தியானச் சாப்பாட்டுக்குள் ஆறில் ஒரு கரண்டி குறைந்திருக்கும். மை ஈரமாக இருக்காது, அடித்தல் திருத்தல் இருக்காது. எழுதியவர் முதலிலேயே ஒரு கரண்டி குறைத்துத்தான் எழுதினார் என்று சத்தியம் செய்யலாம் போலிருக்கும். தெருவில் இதை யாரும் பெரிய விஷயமாக எடுத்துக்கொள்ளவில்லை. அந்தத் தெருவில் பேரம் பேசாதது இரண்டுதான், மழையும் தபால்காரரும். அதிலும் தபால்காரரைப் பற்றி ஒருமித்த கருத்து கிடையாது.

காகிதம் வந்த கதை சின்னது. வியாபாரத்தை ஆரம்பித்த பெரியவர், வாழ்ந்து கெட்ட மாளிகை ஒன்றின் சாமான்கள் ஏலம் போனபோது ஒரு மரப்பெட்டியை அதன் பூட்டுக்காக எடுத்தார். பெட்டியின் அடித்தட்டில் நான்காக மடித்த தடித்த காகிதம் கிடந்தது. முந்நூறு வருஷத்துக்கு முன்னால் அந்த மாளிகையின் தலைமைச் சமையல்காரர் எழுதி வைத்தது. ப்ளம்ஸ் பழத்தைச் சர்க்கரையோடு வேகவைத்து, சல்லடையில் தேய்த்துக் கூழாக்கி, ஆறவைத்து, கடைந்து நுரைத்த பாலேட்டோடு சேர்த்துக் கண்ணாடிக் கிண்ணங்களில் பன்னிரண்டு பேருக்குப் பரிமாறும் இனிப்பு. பாலேடு ஆறு கிண்ணம், பழம் அறுபது, சர்க்கரை ஒன்றரைக் கிண்ணம், பன்னீர் மூன்று சொட்டு. கடைவதற்கு ப்ளம்ஸ் மரக் குச்சிகள் பத்தைச் சேர்த்துக் கட்டிய கட்டு. கடைய வேண்டியது இரண்டாயிரம் சுற்று. போருக்குப் போகிற ராஜாக்கள் இதைச் சாப்பிட்டுவிட்டுத்தான் குதிரை ஏறினார்கள் என்று ஓரத்தில் ஒரு வரி இருந்தது. அதை யாரும் நம்பவில்லை. விற்கிறவன் சொல்வதுதானே. பெரியவர் படித்து முடித்ததும், பழக்கதோஷத்தில், "அறுபதா? முப்பது வெச்சுக்கலாம்" என்றார். மறுநாள் காகிதம் ஐம்பத்தேழு என்றது. அன்றிலிருந்து பிடித்தது சனி.

பெரியவர் சர்க்கரையில் கை வைத்தார். ஏழு வருஷம் பேசி ஒன்றரைக் கிண்ணத்தை இரண்டு சிட்டிகைக்குக் கொண்டுவந்து, ஜெயித்துவிட்டேன் என்று தெரு முழுக்கச் சொல்லி, அதன்படியே செய்து சாப்பிட்டார்கள். குடும்பத்தில் எல்லோருக்கும் பல் கூசி, ஒரு வாரம் வாயைத் திறக்க முடியாமல், கடையில் விரலைக் காட்டி விலை சொன்னார்கள். அடுத்து அவருடைய மகன் சுற்றில் கை வைத்தார். இரண்டாயிரத்தை நூற்றைம்பதுக்கு இறக்கினார். பாலேடு நுரைக்கவில்லை, கிண்ணத்தின் விளிம்பைத் தாண்டி வழிந்து, படியிறங்கி, தெருவைக் கடந்து, தான் கிளம்பி வந்த மாட்டுக் கொட்டிலுக்கே திரும்பிப் போயிற்று. பால்காரம்மா அளந்து பார்த்து, ஒரு சொட்டும் குறையவில்லை என்று சொல்லியனுப்பினாள். அவருக்குப் பின் கடையை நடத்திய அவருடைய மனைவி மூன்று சொட்டுப் பன்னீருக்காகப் பன்னிரண்டு வருஷம் வாதாடினார். காகிதம் கோபித்துக்கொண்டு நாலு வருஷம் ஒரு எழுத்தும் இல்லாமல் வெறும் தாளாகக் கிடந்தது. ஊருக்கே பொத்தான் கொடுக்கிற குடும்பத்தால் ஒரு தாளை மடக்க முடியவில்லை என்பது எதிர்க் கடைக்காரர்களுக்கு நல்ல தீனி. கண்ணாடிச் சாமான் கடைக்காரர் தினமும் காலையில் கடையைத் திறக்கும்போது கேட்பார்: "அண்ணி, காகிதம் படிஞ்சுதா?" அந்த அம்மாள் பதிலுக்கு, "உங்க கடையில நேத்து எத்தனை உடைஞ்சுது?" என்று கேட்பார். இரண்டு பேரும் திருப்தியாக வியாபாரத்தைப் பார்க்கப் போவார்கள்.

அந்த அம்மாளுக்கு இரண்டு மருமகள்கள். மூத்தவளைத் தெரு 'பாதி' என்று அழைத்தது. எந்த விலையைச் சொன்னாலும் முழுசாகக் கேட்பதற்கு முன்பே அவள் வாயில் வருகிற வார்த்தை அது. டாக்டர் பத்து நாள் மாத்திரை சாப்பிடச் சொன்னபோதும் பாதி என்றாள். ஐந்து நாளில் குணமாகவும் செய்தாள். இளையவளின் பெயர் 'கேட்டவிலை'. அவளுடைய அப்பா ரயில் நிலையத்தில் டிக்கெட் கொடுக்கிறவர். அங்கே விலை பலகையில் எழுதியிருக்கும், கம்பிக்கு அந்தப்பக்கம் முகங்கள் வந்துகொண்டே இருக்கும். சின்ன வயதில் அப்பாவின் ஸ்டூலுக்குப் பக்கத்தில் நின்று அந்த முகங்களைப் பார்ப்பதுதான் அவளுக்குப் பொழுதுபோக்கு: ஊருக்குத் திரும்புகிற முகம், சண்டை போட்டுவிட்டுக் கிளம்புகிற முகம், எங்கே போவதென்று இன்னும் முடிவு செய்யாத முகம். பொத்தான் கடையில் வாழ்க்கைப்பட்டபோது, முகங்களுக்குப் பஞ்சமிருக்காது என்றுதான் சந்தோஷமாக வந்தாள்.

வந்த மறுநாளே கல்லாவில் உட்கார வைத்தார்கள். தையல்காரர் ஒருவர் வந்து சிப்பிப் பொத்தான் என்ன விலை என்று கேட்டார். இவள் கடைசி விலையை முதலில் சொல்லிவிட்டாள். அவர் முறைப்படி அதில் பாதி கேட்டார். இல்லைங்க, இதுதான் விலை என்றாள். அவர் முக்காலுக்கு வந்தார். இதுதான் விலை. அவர் கண்ணில் தண்ணீர் முட்டிவிட்டது. இருபது வருஷமாக வாங்குகிற கடையில் தன்னை இப்படி நடத்துவார்கள் என்று நினைக்கவில்லை, நான் என்ன தப்பு செய்தேன் என்று கேட்டுவிட்டு வெறுங்கையோடு போனார். அன்று சாயங்காலமே மாமியார் அவளை உள்ளறைக்கு அனுப்பினார். அங்கே ஜன்னல் கிடையாது. நானூறு இழுப்பறைகள் உண்டு. உள்ளே இருப்பது என்ன என்று காட்ட ஒவ்வொன்றின் முகப்பிலும் ஒரு பொத்தான் பதித்திருக்கும். மெழுகு தடவிய நூலில் அட்டைக்குப் பன்னிரண்டாக மாதிரிப் பொத்தான்களைத் தைப்பது அவள் வேலை. எட்டு வருஷம் தைத்தாள். பலகைத் தடுப்புக்கு அந்தப்பக்கம் கடை நடந்தது. குரல்கள் எல்லாம் கேட்டன. ஒரு முகமும் தெரியவில்லை. எந்தத் தையல்காரர் எந்த இடத்தில் இருமுவார், எவர் இறங்கிவரும் முன் பெருமூச்சு விடுவார் என்று அவளுக்கு மனப்பாடம். தெருவில் எதிரே வந்தால் அடையாளம் தெரியாது.

தெரு முனையில் மூடிக் கிடந்த குடைக் கடையை அந்த வருஷம் மாமியார் வாங்கினார். இரண்டு தெருவையும் பார்த்த கடை. இரண்டு பக்கமும் ஆள் உயரக் கண்ணாடி. கல்லாவில் உட்கார்ந்தால் நாலு திசையிலிருந்து வருகிற முகமும் தெரியும். இளையவள் ஒருநாள் வெள்ளையடிக்கிறவர்களுக்குத் தண்ணீர் கொண்டுபோன சாக்கில் அங்கே கால் மணி நேரம் நின்றுவிட்டு வந்தாள். அன்று அவள் தைத்த அட்டைகளில் பன்னிரண்டுக்குப் பதிலாகப் பதிமூன்று பொத்தான்கள் இருந்தன. மாமியார் சாப்பாட்டு மேஜையில் விஷயத்தை உடைத்தார்.

"முனைக்கடை யாருக்குன்னு எனக்குப் பின்னால அடிச்சுக்க வேணாம். கடை திறக்கிற வெள்ளிக்கிழமை பெரிய கை பன்னிரண்டு பேர் வர்றாங்க. அவங்க முன்னால அந்த இனிப்பு இருக்கணும். காகிதத்தோட பேசி முடிக்கிறவ கல்லாவுல உக்காரட்டும். மத்தவ காலம் பூரா உள்ளே அட்டை தைக்கட்டும்."

"எத்தனை நாள் இருக்கு அத்தை?" என்றாள் மூத்தவள்.

"முப்பது."

"பதினஞ்சு போதும்."

மூத்தவள் மூன்றே நாளில் முடித்தாள். காலையில் ஒரு பாதி, மாலையில் ஒரு பாதி என்று காகிதத்தை மூச்சுவிட விடாமல் அடித்தாள். பாலேடு ஒரு மேஜைக்கரண்டி, பழம் ஒன்று, சுற்று முப்பது என்று அது இறங்கியதைப் பார்த்து மாமியாருக்கே ஒரு கணம் காகிதத்தின் மேல் இரக்கம் வந்தது. சொன்னபடியே செய்தாள். இனிப்பு வந்தது, ருசியில் குறை சொல்ல முடியாது என்றுதான் தோன்றியது. ஆனால் பன்னிரண்டு கிண்ணத்திலும் சட்டைப் பொத்தான் அளவுக்குத்தான் இருந்தது, அதிலும் நடுவில் நாலு ஓட்டை. மாமியார் கண்ணாடியைப் போட்டுக்கொண்டு, கரண்டியால் தேடி எடுத்து வாயில் வைத்தார். "நல்லாத்தான்டி இருக்கு" என்றார். "எங்கே இருக்கு?" காகிதத்தின் மேல் தப்பில்லை. கொடுத்த விலைக்கு உரிய சரக்கை அது கொடுத்திருந்தது.

அடுத்து இளையவள் போனாள். காகிதம் பழையபடி ஆறு கிண்ணத்தில் வந்து நின்றது. அவள் படித்துவிட்டு, சரி என்றாள். அவளுக்குத் தெரிந்தது அதுதான். ஜாடியைக் கழுவி வைத்துப் பாலேட்டுக்குச் சொல்லியனுப்பினாள். காலையில் பார்த்தால் எட்டு கிண்ணம். சரி என்றாள். பன்னிரண்டாயிற்று. சரி. இருபது, பழம் முந்நூறு. சரி. இப்படியே மூன்று வாரம் போனது. பால்காரம்மா நடந்து நடந்து செருப்பு தேய்ந்ததுதான் மிச்சம். நாற்பது கிண்ணம், தொள்ளாயிரம் பழம், இருபதாயிரம் சுற்று என்று வந்து நின்றபோது, கீழே புதிதாக ஒரு வரி முளைத்தது: அச்சாரமாக மாடிப்படியில் மூன்றாவது படி. சரி என்றாள். மூன்றாவது படி போய்விட்டது. இருந்த இடத்தில் காற்று இருந்தது. வீட்டில் எல்லோரும் அதைத் தாண்டி மிதிக்கப் பழகிக்கொண்டார்கள்; அது எப்போதும் கிறீச்சென்று சத்தம் போடுகிற படிதான், போனால் போகிறது என்றார் மாமியார். மறுநாள் காகிதம் இளைய மகனின் மீசையைக் கேட்டது.

அவள் கணவன் கடையில் பார்சல் கட்டுகிறவன். அதிகம் பேசமாட்டான். காகிதத்தைப் படித்தான், கண்ணாடியில் ஒருமுறை பார்த்துக்கொண்டான், சவரம் செய்துகொண்டு மீசையைக் கொண்டுவந்து காகிதத்தின் மேல் வைத்தான். சாயங்காலத்துக்குள் அது மைக்குள் இறங்கிவிட்டது. "உனக்கு அந்தக் கல்லா கிடைச்சா, மீசை இல்லாம இருந்துட்டுப் போறேன்" என்றான். எட்டு வருஷத்தில் அவன் பேசிய நீளமான வாக்கியம் அது. மறுநாள் காகிதம் அவன் அண்ணன் மீசையையும் கேட்டது. அண்ணன் கொள்முதலுக்காக ஊர் ஊராகப் போகிறவர். அந்த மீசைக்குப் பல ஊர்களில் கடன் சொல்லிச் சரக்கு எடுக்கும் மரியாதை இருந்தது. முடியாது என்றுவிட்டார். மூத்தவள் வாசற்படியில் நின்று, "இன்னிக்கு மீசை, நாளைக்கு மூக்கு. நீ சரி சரின்னு தலையாட்டிட்டே இரு. ஞாபகமா தலையை மட்டும் கொடுத்துடாதே, ஆட்டறதுக்கு வேணும்" என்றாள். கடை திறக்க ஐந்து நாள் இருந்தது.

ஞாயிற்றுக்கிழமை அவள் பழச் சந்தைக்குப் போனாள். ஒருத்தியிடம் கூடையில் நல்ல ப்ளம்ஸ் இருந்தது. கருஞ்சிவப்பு, மேலே சாம்பல் பூத்தது போல் மாவு படிந்தது. விலை கேட்டாள், சொன்னதைக் கொடுத்தாள், பையை எடுத்துக்கொண்டு நடந்தாள். பத்து அடி போவதற்குள் பழக்காரி பின்னாலேயே வந்து பையைப் பிடித்துக்கொண்டாள்.

"ஏம்மா, நான் உனக்கு என்ன கெடுதல் பண்ணேன்?"

"கேட்டதைக் கொடுத்துட்டேனே."

"அதுதான் கேக்கறேன். வாயைத் திறக்காம கொடுத்துட்டுப் போனா என்ன அர்த்தம்? இது ரெண்டு மடங்குக்குப் போற பழம்னு உனக்குத் தெரியும், எனக்குத் தெரியலைன்னுதானே? இனிமே நான் வீட்டுக்குப் போய் சோறு திங்க வேணாமா? நாலு வார்த்தை திட்டிட்டாவது வாங்கக் கூடாதா? அழுகல்னு சொல்லு. புளிக்குதுன்னு சொல்லு. எனக்குக் கொஞ்சம் நிம்மதியா இருக்கும்."

இளையவள் பழக்காரியின் முகத்தைப் பார்த்தாள். எட்டு வருஷத்துக்கு முன் தையல்காரர் முகத்தில் பார்த்தது அதேதான். பேரம் என்பது விலைக்காக நடப்பதில்லை, விற்கிறவனும் வாங்குகிறவனும் ஏமாறவில்லை என்று ஒருவருக்கொருவர் கொடுத்துக்கொள்கிற உறுதிமொழி அது என்பது, பொத்தான் தெருவில் தொட்டில் குழந்தைக்கும் தெரிந்த விஷயம், அவளுக்கு அப்போதுதான் தெரிந்தது. காகிதம் பேராசை பிடித்து ஏறவில்லை. கேட்ட உடனே கிடைத்துவிட்டதால், குறைத்துச் சொல்லிவிட்டோமோ என்ற கிலியில் ஏறிக்கொண்டிருக்கிறது. மூன்று வாரமாக அதை அவள் தூங்கவிடவில்லை. "பழம் அழுகல்" என்றாள் பழக்காரியிடம், கொஞ்சம் கூச்சத்தோடு. "உன் கண்ணுதான் அழுகல்" என்றாள் பழக்காரி. மலர்ந்த முகத்தோடு இரண்டு பழத்தைச் சேர்த்துப் போட்டாள்.

திங்கட்கிழமை காலை பத்து மணிக்கு இளையவள் சமையலறையில் நாற்காலியை இழுத்துப் போட்டுக் காகிதத்துக்கு எதிரே உட்கார்ந்தாள். பலகைத் தடுப்பு வழியாக எட்டு வருஷம் காதில் விழுந்ததெல்லாம், கேட்கும்போது சத்தமாக இருந்தது, வாயைத் திறந்தபோது வித்தையாக வந்தது. "விலையை அப்புறம் பார்க்கலாம். முதல்ல இது என்ன சரக்கு?" என்று ஆரம்பித்தாள். "பழக்கூழ்ல பாலேட்டைப் போட்டுக் கிளறுறது. இதுக்கு ஒரு காகிதம், அதுக்கு ஒரு மடிப்பு." நாற்பது என்ற எழுத்து தடித்தது. "நாலு" என்றாள். எழுத்துக்கள் அத்தனையும் ஒரு உதறு உதறி, முப்பத்தெட்டு என்று நின்றன. தையல்காரர்களில் ஒருவர் சிரிப்பதுபோல் மூக்கால் சிரித்தாள். இன்னொருவர் இருமுகிற இடத்தில் இருமினாள். அடுத்த தெருவில் முட்டையும் பாலும் வைத்து ஒரு குறிப்பு இருக்கிறது, அதில் மீசையெல்லாம் கேட்பதில்லை என்றாள். முப்பது. ராஜாக்கள் சாப்பிட்டார்களாமே, சாப்பிட்டவர்களில் யாராவது போரிலிருந்து திரும்பி வந்தார்களா என்று கேட்டாள். காகிதம் வெகுநேரம் யோசித்து இருபது என்றது. மத்தியானச் சாப்பாட்டுக்குக்கூட அவள் எழுந்திருக்கவில்லை. மாமியார் கதவிடுக்கில் காது வைத்து, மூத்தவளும் அதற்குக் கீழே காது வைத்து நின்றார்கள். மூன்று மணிக்குப் பன்னிரண்டு. நாலு மணிக்கு ஒன்பது. ஒன்பதில் அது கல்லுப்போல் உட்கார்ந்துவிட்டது. இளையவள் எழுந்தாள், புடவை மடிப்பைத் தட்டிவிட்டாள், பையைத் தோளில் மாட்டினாள், "எனக்கு வேணாம்" என்று சொல்லிவிட்டு வெளியே நடந்தாள்.

வாங்குகிறவர் கையில் இருக்கிற கடைசி ஆயுதம் முதுகு. அதைக் காட்டுவதில் ஒரு பக்குவம் உண்டு. வேகமாக நடந்தால் நிஜமாகவே போகிறாள் என்று விட்டுவிடுவார்கள். மெதுவாக நடந்தால் நாடகம் என்று தெரிந்துவிடும். அடுத்த கடையை நினைத்துக்கொண்டு நடக்கிற நடை என்று ஒன்று இருக்கிறது, அது சொல்லிக்கொடுத்து வராது. அவளுக்கு நினைத்துக்கொள்ள ஒரு கடை இருந்தது: இரண்டு பக்கமும் ஆள் உயரக் கண்ணாடி வைத்தது. அந்த நடையில் அவள் மாடிப்படி இறங்கி, இல்லாத மூன்றாவது படியைத் தாண்டி, தெருவுக்கு வந்தாள். பின்னால் சரசரவென்று சத்தம் கேட்டது. காகிதம் மேஜையை விட்டு இறங்கி வந்துகொண்டிருந்தது. படியில் வேகமாக வந்த அது, தான் அச்சாரமாக வாங்கிப்போட்ட மூன்றாவது படியின் இடத்தில் கால் தவறிக் குப்புற விழுந்து, எழுந்து, தூசியை உதறிக்கொண்டு தெருவில் ஓடிவந்தது. பூட்டுக் கடைக்காரர் எட்டிப் பார்த்து, "எட்டுங்குதும்மா!" என்றார். அவள் திரும்பவில்லை. கயிற்றுக் கடை வாசலில் ஏழரை. தெருவில் வியாபாரம் நின்றுவிட்டது. தராசில் வைத்த சரக்கு தராசிலேயே இருந்தது. முப்பது வருஷமாக இந்தக் குடும்பம் தோற்பதைப் பார்த்துச் சிரித்த கண்ணாடிக் கடைக்காரர், தான் எந்தப் பக்கம் என்பதே மறந்துபோய், "திரும்பிடாதேம்மா, ஏழுக்கு வந்துடுச்சு, நடந்துட்டே இரு" என்று கூடவே ஓடிவந்தார். ஆறேகால். ஆறு. முனைக்கடையின் பூட்டிய ஷட்டருக்கு முன்னால், இனி நடப்பதற்குத் தெரு இல்லாத இடத்தில் அவள் நின்றாள். காகிதம் மூச்சிரைக்க வந்து அவள் செருப்புக்கு முன்னால் விரிந்து கிடந்தது. பாலேடு ஐந்தேமுக்கால் கிண்ணம், பழம் ஐம்பத்தெட்டு, சர்க்கரை ஒன்றரைக் கிண்ணம், சுற்று ஆயிரத்துத் தொள்ளாயிரம், பன்னீர் மூன்று சொட்டு. படியும் மீசையும் திருப்பித் தரப்படும்.

முந்நூறு வருஷத்தில் மானம் கெடாமல் அது இறங்கக்கூடிய இடம் அதுதான் என்று அவளுக்குத் தெரிந்தது. ஒரு மூச்சு விட்டாள். அது எவ்வளவு நீளம் இருக்க வேண்டுமோ அவ்வளவு நீளம் விட்டாள். "சரி" என்றாள். தெரு கைதட்டத் தயாரானபோது அவள் குனிந்து இன்னொன்று கேட்டாள்: "கொசுறு?"

இதுவரை யாரும் அந்தக் காகிதத்திடம் கொசுறு கேட்டதில்லை. வியாபாரம் முடிந்தால்தானே கொசுறு கேட்க முடியும். அது தன் மடிப்புகளை ஒருமுறை நீவிக்கொண்டது. பிறகு அடியில், மற்ற எழுத்தைவிடச் சின்னதாக, ஒருவர் காதில் ஒருவர் சொல்வது போன்ற எழுத்தில் ஒரு வரி வந்தது: முழுக்கக் கலந்துவிடாதே, மூன்று மடிப்போடு கையை எடு, சிவப்பும் வெள்ளையும் கோடு கோடாகத் தெரியட்டும்.

வெள்ளிக்கிழமை காலை வீடு முழுக்க வேலை. முந்தின நாளே அகலத் தட்டுகளில் ஊற்றிக் குளிர்ந்த கல்தரையில் வைத்திருந்த பாலின் மேலிருந்து இளையவள் பாலேட்டை வழித்தெடுத்தாள். பழங்கள் அடிகனத்த பாத்திரத்தில் சர்க்கரையோடு வெந்து, தோல் வெடித்து, கொதிக்கிற சிவப்பாயின. அதைச் சல்லடையில் கரண்டியின் முதுகால் தேய்த்துக் கொட்டையையும் தோலையும் நீக்கித் தட்டில் பரப்பினார்கள். சூடு இருந்தால் பாலேடு திரிந்துவிடும் என்பதால் மாமியாரே விசிறியோடு பக்கத்தில் உட்கார்ந்து, கூழுக்கு விசிறினார். அவருக்கு அதற்கு முன் யாருக்கும் விசிறிப் பழக்கமில்லை. பத்துக் குச்சியைப் பட்டை உரித்து, பொத்தான் தைக்கிற மெழுகு நூலால் கட்டி, ஆளுக்குக் கொஞ்சமாகக் கடைந்தார்கள். எண்ணும் வேலை இளைய மகனுக்கு. மூத்தவளிடம் கொடுத்தால் பாதியில் முடித்துவிடுவாள் என்ற பயம் இருந்தது. எழுநூறு வரை பாலேடு பாலேடாகவே இருந்தது. ஆயிரத்து இருநூறில் நுரை கட்டியது. ஆயிரத்து எழுநூறில் குச்சி போன தடம் அழியாமல் நின்றது. ஆயிரத்துத் தொள்ளாயிரத்தில் பாலேடு தலையணை மாதிரி எழுந்து உட்கார்ந்தது. மூத்த மகன், "ஒரு சுத்து சேர்த்துப் போட்டுடலாமே, நம்ம கணக்குல இருக்கட்டும்" என்று கையை நீட்டினார். இன்னும் ஒரு சுற்று என்றால் வெண்ணெய். இளையவள் குச்சிக் கட்டைப் பிடுங்கிக்கொண்டாள்.

மூன்று சொட்டுப் பன்னீரை விட்டு, ஆறின கூழைப் பாலேட்டின் மேல் ஊற்றி, அடியிலிருந்து மேலாக மடித்தாள். ஒன்று, இரண்டு, மூன்று. கையை எடுத்தாள். மாமியாருக்குப் பொறுக்கவில்லை. மூன்று தலைமுறையும் கை ஓயும் வரை ஒரே நிறமாகக் கலந்தவர்கள். சரக்கில் ஏற்றத்தாழ்வு இருக்கக் கூடாது என்று வளர்ந்தவர்கள்.

"இதென்னடி, இங்கே சிவப்பு, அங்கே வெள்ளை? எனக்குக் குறைச்சல், அவனுக்குக் கூடன்னு வர்றவங்க சண்டைக்கு நிப்பாங்க."

"நிக்கட்டும் அத்தை. இது கொசுறு. கை வைக்கக் கூடாது."

நாலு மணிக்கு முனைக்கடையின் ஷட்டர் ஏறியது. பன்னிரண்டு பெரிய கைகளும் வந்து உட்கார்ந்தார்கள். கண்ணாடிக் கிண்ணங்களை எதிர்க் கடைக்காரர் தானே கொண்டுவந்து அடுக்கினார். திருப்பித் தர வேண்டியதில்லை என்றார், அப்படி ஒரு வாக்கியம் அவர் வாயில் வந்தது அதுவே முதல் தடவை. முதல் கரண்டியில் பழத்தின் புளிப்பு நாக்கைச் சுண்டியது. அது கோபமாக மாறுவதற்குள் பாலேடு வந்து சமாதானம் செய்தது. அடுத்த கரண்டி நேர்மாறாக இருந்தது. ஒரு கிண்ணத்துக்குள் எந்தக் கரண்டியும் முந்தின கரண்டி மாதிரி இல்லை. பன்னிரண்டு பேரும் கிண்ணத்தின் அடி தெரியும் வரை சாப்பிட்டார்கள். முடித்த பிறகு வேறொன்று தெரிந்தது: அந்த ருசி வாயில் இருக்கும் வரை, சாப்பிட்டவர்களால் கடைசி விலையை மட்டும்தான் சொல்ல முடிந்தது. ஒருவர் இத்தனை டஜன் கொம்புப் பொத்தான், இதுதான் என் கடைசி விலை என்றார்; மாமியார், அவரும் ஒரு கிண்ணம் சாப்பிட்டிருந்தார், என்னுடையதும் அதேதான் என்றார். இரண்டு மணி நேரம் ஆக வேண்டிய வியாபாரம் இரண்டு நிமிஷத்தில் முடிந்தது. மிச்ச நேரத்தை என்ன செய்வதென்று தெரியாமல் பன்னிரண்டு பேரும் ஒருவர் குழந்தைகளைப் பற்றி ஒருவர் விசாரித்தார்கள். சிலருக்கு எத்தனை குழந்தைகள் என்பதே அன்றுதான் தெரியவந்தது.

மூத்தவள் இரண்டாவது கிண்ணத்தின் நடுவில் கரண்டியை நிறுத்தி, ஓரகத்தியைப் பார்த்து நிதானமாகச் சொன்னாள்: "எனக்கு இந்தக் கடை வேணும்னு இல்லை. உனக்குக் கிடைக்கக் கூடாது, அவ்வளவுதான்."

"தெரியும்க்கா."

"இப்ப அதுவும் போயிடுச்சு" என்று மூத்தவள் மிச்சத்தையும் வழித்துச் சாப்பிட்டாள். பாதியில் வைக்கவில்லை.

பன்னிரண்டு பேரில் கடைசியாகக் கல்லாவுக்கு வந்தவர் ஒரு தையல்காரர். அவர் பெருமூச்சு விட்ட விதத்தில் இளையவளுக்கு யாரென்று தெரிந்தது; முகத்தைப் பார்த்ததும் உறுதியாயிற்று. எட்டு வருஷத்துக்கு முன் அழுதுவிட்டுப் போனவர். இப்போது நாற்பது மெஷின் வைத்திருந்தார், நரைத்திருந்தார். "சிப்பிப் பொத்தான், இருநூறு அட்டை" என்றார், பிறகு தன்னையறியாமல் தன்னுடைய கடைசி விலையை முதலில் சொல்லிவிட்டார். சொன்னதும் அவர் முகம் அதே மாதிரி சரிந்தது. இளையவள் பரிமாறிக்கொண்டே இருந்ததில் ஒரு கரண்டியும் சாப்பிட்டிருக்கவில்லை. அந்த விலை சரியான விலைதான். உடனே சரி என்று சொல்லியிருக்கலாம். அவள் நெஞ்சில் கை வைத்து, "என்னங்க இது, முதல் நாளே கடையை மூடச் சொல்றீங்களா?" என்றாள். தையல்காரர் நிமிர்ந்தார். "அப்போ நீயே சொல்லும்மா" என்றார். இருவரும் முக்கால் மணி நேரம் பேசினார்கள். அவர் இரண்டு தடவை வாசல் வரை போய்விட்டு வந்தார், அவள் ஒரு தடவை அட்டைகளை எடுத்து உள்ளே வைத்தாள். கடைசியில் அவர் முதலில் சொன்ன விலைக்கே முடிந்தது. ஒரு அட்டை கொசுறு கொடுத்தாள். அவர் கண்ணில் மறுபடி தண்ணீர் இருந்தது, முகம் வேறு முகம். மாமியார் எழுந்துவந்து இடுப்பிலிருந்த சாவிக் கொத்தை அவிழ்த்துக் கல்லாவின் மேல் வைத்தார். "இவளைப் போய் உள்ளே வெச்சிருந்தேன் பாரு" என்று பொதுவாகச் சொன்னார். ருசி இன்னும் வாயில் இருந்தது.

அன்று சாயங்காலம் மூன்றாவது படி திரும்பி வந்தது, கிறீச்சும் சேர்ந்து வந்தது. மறுநாள் காலை இளைய மகனின் மீசை இருந்த இடத்தில் இருந்தது. ஒரு நூல் இடப்பக்கம் தள்ளி ஒட்டியிருந்ததை அவன் குறையாகச் சொல்லவில்லை. பேரத்தில் மிச்சப்பட்ட கால் கிண்ணப் பாலேட்டில் அவளும் அவனும் நாலு பழத்தை நசுக்கிப் போட்டுச் சாப்பிட்டார்கள். இருபது வருஷம் ஆகிறது. முனைக்கடையில் அவள்தான் இருக்கிறாள். இரண்டு தெருவிலும் அவளுக்குத் தெரியாத முகம் இல்லை. மூத்தவள் கொள்முதலுக்குப் போகிறாள், மூத்தவர் வீட்டில் மீசையோடு இருக்கிறார். காகிதத்தைச் சட்டம் போட்டுக் கல்லாவுக்குப் பின்னால் மாட்டியிருக்கிறார்கள். பொத்தான் பார்சல் கட்டும் வரை காத்திருக்கிறவர்கள் அதனுடன் பேரம் பேசுவார்கள்; அதற்கும் பொழுது போக வேண்டுமே. எடுத்த எடுப்பில் ஆறு கிண்ணம் என்னும். நன்றாகத் திட்டினால், வாசல் வரை போய்த் திரும்பினால், ஐந்தேமுக்காலுக்கு வரும். அதற்குக் கீழே இறங்குவதில்லை.